அத்தானின் இடது தோள்

எங்கள் தெருவில் என் அக்காவையும் அத்தானையும் ‘எஞ்சினும் பெட்டியும்’ என்பார்கள். அத்தான் முன்னால் போவார். அரையடி பின்னால், அவருடைய இடது தோளில் கையை வைத்துக்கொண்டு அக்கா போவாள். காலையில் ஒரு தடவை, சாயங்காலம் ஒரு தடவை. முடிதிருத்தும் கடைக்காரர் வாசலில் நின்று, “வண்டி கிளம்பிருச்சு, வழி விடுங்கப்பா!” என்று சத்தம் போடுவார். அத்தானும் சளைக்காமல் “கூ...” என்று ஊதிக் காட்டுவார். ஐம்பத்தேழு வயது மனிதர், நடுத்தெருவில், கொஞ்சம்கூட வெட்கமில்லாமல்! எனக்குத்தான் மானம் போகும். அக்காவுக்குச் சிரிப்புத் தாங்காது.

அக்காவுக்குக் கண் தெரியாது. பிறவியில் அப்படி இல்லை. நாற்பது வயதுக்கு மேல் கண்ணுக்குள் அழுத்தம் கூடி, ஓரத்திலிருந்து கொஞ்சம் கொஞ்சமாக இருட்டிக்கொண்டே வந்து, ஒருநாள் நடுவிலும் இருட்டிவிட்டது. அவள் பேருந்து நிறுவனம் ஒன்றில் தொலைபேசியில் விசாரணைக்குப் பதில் சொல்கிற வேலையில் இருந்தாள். பார்வை போன பிறகும் நிறுவனம் அவளை அனுப்பிவிடவில்லை. எந்த வண்டி எத்தனை மணிக்கு என்பதெல்லாம் அவளுக்கு மனப்பாடம், பேசுவதற்குக் கண் எதற்கு என்றார்கள். நல்ல மனிதர்கள். அலுவலகம் வரைக்கும் கூட்டிப்போய்த் திரும்பக் கூட்டிவருவதுதான் பிரச்சினை. அதை அத்தான் ஒரு பிரச்சினையாகவே எடுத்துக்கொள்ளவில்லை. கண் மருத்துவமனையில் ஒரு வெள்ளைக் குச்சி கொடுத்தார்கள். “நான் உயிரோட இருக்கேன்ல, உனக்கெதுக்குக் குச்சி?” என்று அதைப் பரணில் தூக்கிப் போட்டுவிட்டார்.

அவர் சலவைக்கூடத்தில் இஸ்திரி போடுகிறவர். ஓட்டல்களுக்கும் மருத்துவமனைகளுக்கும் மூட்டை மூட்டையாக வெளுத்து அனுப்பும் பெரிய கூடம் அது. நீராவியில் ஓடும் இஸ்திரி இயந்திரம் அவருடையது. சட்டையை விரித்து, மேல்தட்டை இழுத்து அமுக்கி, கீழே மிதியை மிதித்தால் புஸ்ஸென்று ஆவி வரும். மழையோ வெயிலோ, உள்ளே எப்போதும் ஒரே காலம்தான், வியர்வைக் காலம். கூடத்தின் வேனை ஓட்டுகிறவன் நான். வேறெங்கும் நாலு நாள் தாக்குப்பிடிக்காத என்னை அங்கே சேர்த்துவிட்டவரும் அவர்தான். “என் மச்சானுக்குக் கோபம் மூக்கு மேல இருக்கும், ஆனா ஸ்டியரிங் மேல கை நேரா இருக்கும்” என்று முதலாளியிடம் சொன்னாராம். அதற்கு நான் நன்றி சொன்னதாக ஞாபகம் இல்லை. எங்கள் வீட்டில் அப்படியெல்லாம் பேசிக்கொள்வதில்லை.

அத்தானுக்கு வாய் ஓயாது. அக்காவைக் கூட்டிக்கொண்டு போகும்போது தெருவில் நடப்பதையெல்லாம் சொல்லிக்கொண்டே போவார். அதில் பாதி புளுகு. “பல் டாக்டர்கிட்ட இன்னைக்கும் ஈ காக்கா இல்ல. பாவம், பொழுது போகாம தன் பல்லையே பிடுங்கிட்டு உக்காந்திருக்காரு.” “மாடி வீட்டு அம்மா புதுக் கண்ணாடி போட்டிருக்காங்க. அதுல அவங்க பாதி, கண்ணாடி பாதி.” பின்னாலிருந்து அக்கா தோளில் ஒரு கிள்ளு கிள்ளுவாள். “ஏங்க, மெதுவா பேசுங்க, அவங்க காதுல விழப்போகுது.” அவளுக்குத் தெரு முழுவதும் தெரிந்தது அவர் வாயால்தான். எனக்கு நல்ல கண் இருந்தும் அந்தத் தெருவில் அவ்வளவு வேடிக்கையை நான் பார்த்ததில்லை.

அவர்களுக்குக் குழந்தை இல்லை. இருந்ததெல்லாம் அந்த நடைதான்.

ஒருநாள் அக்காவுக்குக் கண் சொட்டுமருந்து வாங்கச் சுகாதார நிலையத்துக்கு மூன்று பேரும் போயிருந்தோம். அங்கிருந்த நர்ஸம்மா எங்கள் மூன்று பேர் தலையையும் பார்த்தார். நரைதான் காரணம்.

“எல்லாரும் ஐம்பது தாண்டிட்டீங்கல்ல? அக்கி வராம இருக்க ஒரு ஊசி இருக்கு. ரெண்டு தவணை. போட்டுக்கிட்டுப் போங்களேன்.”

“அக்கிக்கெல்லாம் ஊசியா? எனக்குச் சின்ன வயசுலயே அம்மை வந்து போயிருச்சும்மா. அதோட கணக்கு முடிஞ்சுது” என்றார் அத்தான்.

“போகலீங்க. சின்னம்மை வந்தவங்க உடம்புலதான் அந்தக் கிருமி நரம்புக்குள்ள ஒளிஞ்சு தூங்கிட்டிருக்கும். வயசாகி உடம்புல எதிர்ப்பு குறையறப்ப எழுந்து வரும். அதுதான் அக்கி.”

“தூங்குறவனை எதுக்கும்மா ஊசி போட்டு எழுப்பணும்?”

நர்ஸம்மாவே சிரித்துவிட்டார். “இது எழுப்புற ஊசி இல்லீங்க, எந்திரிக்க விடாத ஊசி. போட்டா ரெண்டு நாள் கை வலிக்கும். சிலருக்கு லேசா காய்ச்சல் அடிக்கும். அவ்வளவுதான்.”

“கை வலிக்குமா? எந்தக் கை?”

“எந்தக் கையில வேணாலும் போடலாம். தோளுக்குக் கொஞ்சம் கீழ.”

அத்தான் இரண்டு தோளையும் ஒருமுறை பார்த்துக்கொண்டார். “இடது தோள் இவளுது. வலது கை முதலாளியோடது. எனக்குன்னு மூணாவது கை ஒண்ணு முளைக்கட்டும், அன்னைக்கு வந்து போட்டுக்கறேன்.”

அக்காவும், “அவர் போடறப்ப நானும் போட்டுக்கறேன், ஒண்ணாவே வர்றோம்” என்றுவிட்டாள். நான் அவசரமாக வேனை எடுக்க வேண்டியிருந்தது. சிரித்துக்கொண்டே வெளியே வந்தோம். இப்போது நினைத்தால் அந்தச் சிரிப்பை அப்படியே பிடித்து அறையலாம் போலிருக்கிறது.

சில மாதங்கள் போயின. ஒரு வாரத் தொடக்கத்தில் அத்தான் இடது தோள் குடைகிறது என்றார். இஸ்திரித் தட்டை இழுத்து இழுத்துச் சதை பிடித்திருக்கும் என்று நினைத்தார். அடுத்த நாள் எரிகிறது என்றார். அதற்கடுத்த நாள் தோளில் சிவந்து, சின்னச் சின்னதாகக் கொப்புளம் கிளம்பியது.

வேறு யாருக்காவது இப்படி வந்திருந்தால் என்ன ஏது என்று பயந்து மருத்துவரிடம் ஓடியிருப்பார்கள். எங்கள் கூடத்தில் கொப்புளம் என்றால் ஒரே அர்த்தம்தான்: ஆவி அடித்திருக்கிறது. அங்கே தழும்பு இல்லாத கை கணக்குப்பிள்ளையின் கை மட்டும்தான். கொப்புளத்துக்காக விடுப்புக் கேட்ட ஒருவனை ஓய்வு பெறும் வரை ‘மாப்பிள்ளை’ என்றே கூப்பிட்டார்கள். கை கழுவும் இடத்துக்கு மேலே ஒரு பிஸ்கட் டப்பாவில் தீப்புண் களிம்பு இருக்கும். எடுத்துத் தடவு, வேலையைப் பார். அதுதான் கூடத்து வழக்கம்.

போதாக்குறைக்கு, அத்தானுடைய இயந்திரத்தில் இடது பக்கத்துக் குழாய்மூட்டு ரொம்ப நாளாகக் கசிந்துகொண்டிருந்தது. சரியாக அவர் தோள் உயரம். துணி சுற்றி ஒப்பேற்றி வைத்திருந்தார்கள். துணிக்குக் கஞ்சி போடுகிறவர், அவரை நாங்கள் ‘கஞ்சி’ என்றுதான் கூப்பிடுவோம், அத்தானின் சட்டையை விலக்கிப் பார்த்துவிட்டு, “இந்தக் குழாய் ஒருநாள் உன்னை வேக வைக்கும்னு நான் சொன்னேனா இல்லையா?” என்றார். ஆளாளுக்கு முதலாளியைப் பிடித்துக்கொண்டார்கள். அத்தனை மாதம் வராத மெக்கானிக் அன்றைக்கே வந்தான். குழாய்மூட்டைப் புதிதாக மாற்றினான். கூடமே கைதட்டியது. அத்தான் களிம்பைத் தடவி, மேலே பருத்தித் துணி ஒன்றை வைத்துக் கட்டிக்கொண்டு வேலை செய்தார். குழாயைச் சரிசெய்துவிட்டோம், இனி எல்லாம் சரியாகிவிடும் என்று எல்லோரும் நம்பினோம்.

கொப்புளம் நிற்கவில்லை. குழாய் மாற்றின பிறகும் புதிதாகக் கிளம்பிக்கொண்டே இருந்தது.

அதைக் கண்டுபிடித்தவள் அக்காதான். அவர் புரண்டு புரண்டு படுப்பதைக் கேட்டு, சட்டையைக் கழற்றச் சொல்லி, விரல் நுனியால் மெதுவாகத் தொட்டுப் பார்த்திருக்கிறாள். தொட்ட மாத்திரத்தில் அவர் அலறிவிட்டார். மறுநாள் காலையில் எனக்கு ஃபோன் வந்தது.

“டேய் தம்பி, உடனே வா. இது ஆவி பட்ட புண்ணு இல்லடா. முன்னால நெஞ்சுல ஆரம்பிச்சு, தோளைச் சுத்தி, பின்னால முதுகுத்தண்டு வரைக்கும் பட்டை மாதிரி போயிருக்கு. நடு முதுகுல கோடு கிழிச்ச மாதிரி நின்னுருச்சு, அந்தப் பக்கம் ஒண்ணுமே இல்ல. ஆவி என்ன, அளவெடுத்தா அடிக்கும்?”

கூடத்தில் அத்தனை பேர் கண் இருந்து பார்த்தோம். ஒருத்தனுக்கும் இது தோன்றவில்லை.

வேனிலேயே மூன்று பேரும் மருத்துவமனைக்குப் போனோம். மருத்துவர் சின்னப் பெண். பார்த்தவுடனே, “அக்கி” என்றார். “எப்ப வந்துச்சு?” என்று கேட்டார். அத்தான் விரல் விட்டு எண்ணிச் சொன்னார். ஒரு வாரத்தை நெருங்கியிருந்தது.

“கொப்புளம் வந்து மூணு நாளைக்குள்ள வந்திருந்தா மாத்திரை நல்லா வேலை செஞ்சிருக்கும். புதுக் கொப்புளம் இன்னும் வர்றதால இப்பவும் தர்றேன், சாப்பிடுங்க. ஆனா எவ்வளவு உதவும்னு உறுதியா சொல்ல முடியல.”

“அக்காவுக்கு ஒட்டிக்குமா?” என்று நான் கேட்டேன்.

“அக்கி ஒருத்தர்கிட்ட இருந்து இன்னொருத்தருக்கு வராது. ஆனா கொப்புளத்துத் தண்ணி பட்டா, அம்மை வராதவங்களுக்கு அம்மை வரலாம். அம்மா, உங்களுக்கு அம்மை வந்திருக்கா?”

“வந்திருக்கு டாக்டர். இவனுக்கும் எனக்கும் ஒரே நேரத்துலதான் வந்துச்சு” என்றாள் அக்கா.

“அப்ப பயப்பட வேண்டாம். காய்ஞ்சு பொருக்கு தட்டுற வரைக்கும் மூடியே வைங்க, கைக்குழந்தைங்க, கர்ப்பிணிங்க பக்கத்துல போகாதீங்க.” மருந்துச்சீட்டை எழுதி நீட்டிவிட்டுச் சொன்னார். “தோல் ஆறிடும் ஐயா. உள்ள நரம்பு அடிபட்டிருக்கு. அது ஆறறதுக்கு நாளாகலாம்.”

“எத்தனை நாளும்மா?” என்றார் அத்தான்.

“சிலருக்குச் சில வாரம். சிலருக்கு மாசக்கணக்கு. சிலருக்கு அதுக்கும் மேல.”

எனக்குச் சுர்ரென்று ஏறிவிட்டது. “என்ன டாக்டர், பொத்தாம் பொதுவா சொல்றீங்க?” என்று எகிறினேன். அக்கா என் முழங்கையைத் தேடிப் பிடித்து அழுத்தினாள். அந்தப் பெண் கோபித்துக்கொள்ளவில்லை. தெரியாததைத் தெரியாது என்று சொல்கிற மருத்துவரிடம் சண்டை போட்டு என்ன பயன்?

புண் ஆறியது. பொருக்கு உதிர்ந்தது. வெளிறிப்போன தழும்பு மட்டும் பட்டையாக நின்றது. வலி போகவில்லை.

அது எப்படிப்பட்ட வலி என்று சொன்னால் நம்பமாட்டீர்கள். தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும் என்பார்கள். அழுத்திப் பிடித்தால்கூடச் சில சமயம் பொறுத்துக்கொள்வார். லேசாக எதுவும் படக் கூடாது. மின்விசிறிக் காற்றுப் பட்டால் எரியும். போர்வை நுனி உரசினால் துள்ளுவார். எல்லாவற்றையும்விடச் சட்டை. துணி தோளில் படும்போதெல்லாம் யாரோ நெருப்புக்குச்சியை உரசி வைக்கிற மாதிரி இருக்கிறது என்றார். வாழ்நாள் முழுக்க ஊரார் சட்டையைத் தேய்த்த மனிதருக்குத் தன் சட்டையைப் போட்டுக்கொள்ள முடியவில்லை. இந்த அநியாயத்தை யாரிடம் போய்ச் சொல்லி அடித்துக்கொள்வது? நரம்பு வலிக்கென்று கொடுத்த மாத்திரை வலியைக் கொஞ்சம் மட்டுப்படுத்தியது, கூடவே தூக்கம் தூக்கமாக வந்தது. தூங்கி வழிகிறவரை நீராவி இயந்திரத்தின் பக்கத்தில் எப்படி விடுவது? கூடத்தில் வேலையை விட்டு நின்றுகொள்ளச் சொல்லிவிட்டார்கள். முதலாளி நல்லவிதமாகத்தான் சொன்னார். அத்தான் திரும்பி வரும்போது கஞ்சி அழுதார்.

வேலையைக்கூட அத்தான் விட்டுக்கொடுத்தார். நடையை விடவில்லை. காலையில் இருப்பதிலேயே மெல்லிய சட்டையாகப் பார்த்துப் போட்டுக்கொண்டு, தோளைத் தயாராக வைத்துக்கொண்டு வாசலில் நிற்பார். அக்கா எத்தனையோ முறை கேட்டாள்.

“ஏங்க, வலிக்குதா? அந்தப் பக்கத்துத் தோளைப் பிடிச்சுக்கட்டுமா?”

“வலியா? அதெல்லாம் போயே போச்சு. பிடி, நேரமாச்சு.”

வலது தோளைப் பிடித்தும் பார்த்தாள். பிடிக்கும்போது சட்டை அந்தப் பக்கம் இழுபட்டு இடது பக்கத்தில் உரசும். எந்தப் பக்கம் பிடித்தாலும் ஒன்றுதான் என்று அவருக்குத் தெரியும். அவர் சொல்லவில்லை. பழைய இடத்துக்கே அவள் கையை எடுத்து வைத்துக்கொண்டார்.

ஒருநாள் சாயங்காலம் அக்கா என்னைத் தனியாக அலுவலகத்துக்கு வரச் சொன்னாள். ஃபோனில் பேசி முடித்துவிட்டு, காதில் மாட்டியிருந்ததைக் கழற்றி மேசையில் வைத்தாள்.

“தம்பி, அவர் பேசறதில்லடா.”

“உன்கிட்டயா? சண்டையா?”

“சண்டையெல்லாம் இல்ல. வீட்டுல பேசறாரு. தெருவுல இறங்கினா வாயே திறக்கறதில்ல. பல் டாக்டர் இருக்காரா செத்தாரான்னுகூடத் தெரியல எனக்கு.” நாற்காலியை என் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டாள். “நாளைக்குக் காலைல நீ எங்களுக்கு முன்னால போ. திரும்பி அவர் முகத்தைப் பாரு. என்ன தெரியுதோ அதைச் சொல்லு. மழுப்பக் கூடாது.”

போனேன். பேருந்து நிறுத்தத்தைத் தாண்டி முன்னால் நின்றுகொண்டு திரும்பிப் பார்த்தேன். இரண்டு பேரும் வந்துகொண்டிருந்தார்கள். அக்கா முகத்தில் ஒன்றும் இல்லை. அத்தான் பல்லைக் கடித்துக்கொண்டு வந்தார். தாடை இறுகியிருந்தது. கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்து மோவாயில் சொட்டிக்கொண்டிருந்தது. அதைத் துடைக்கக்கூட இல்லை, கையைத் தூக்கினால் சட்டை நகருமே. என்னைப் பார்த்ததும், சொல்லாதே என்று தலையை ஆட்டினார்.

என்ன செய்வேன் நான்? அவர் சொல்லாதே என்கிறார், அவள் மழுப்பாதே என்கிறாள். அந்த முகத்தைப் பார்த்துவிட்டு என்னால் பொய் சொல்ல முடியவில்லை.

“அழறாருக்கா” என்றேன்.

அக்கா கையை எடுத்துவிட்டாள். நடுத்தெருவில், எதையும் பிடிக்காமல், இரண்டு கையையும் நெஞ்சோடு சேர்த்துக்கொண்டு நின்றாள். சைக்கிள்காரன் ஒருவன் மணியடித்துக்கொண்டே சுற்றிப் போனான்.

“வாயை மூடிக்கிட்டு இருக்க மாட்டியாடா நீ!” என்று அத்தான் என்னைப் பார்த்துக் கத்தினார். என் வாழ்நாளில் அவர் என்னைத் திட்டியது அந்த ஒரு தடவைதான். பிறகு அவளிடம் திரும்பி, “பிடிச்சுக்கோம்மா. பாதி வழி வந்துட்டோம்” என்றார்.

“மாட்டேன்.”

“பிடின்னு சொல்றேன்ல!”

“மாட்டேங்க. செத்தாலும் மாட்டேன்.”

அன்றைக்கு நான்தான் இருவரையும் வீட்டுக்குக் கூட்டிவந்தேன். பரணிலிருந்து அந்தக் குச்சியை எடுத்துத் தரச் சொன்னாள் அக்கா. நான் எடுத்துத் துடைத்துக் கொடுத்தேன். அத்தான் சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

பார்வையற்றோர் சங்கத்திலிருந்து ஒரு பெண் வந்து பயிற்சி கொடுத்தார். அவருக்கும் பார்வை கிடையாது, ஆனால் ரயிலேறி ஊர் ஊராகப் போய்வருகிறவர். அக்கா முதலில் கதவிலும் கம்பத்திலும் இடித்துக்கொண்டாள். ஒருமுறை நடைபாதை விளிம்பில் விழுந்து முழங்காலைப் பெயர்த்துக்கொண்டாள். நான் கத்தினேன். “நீ சும்மா இருடா, விழாம யாரு கத்துக்கிட்டா?” என்று எழுந்து தூசியைத் தட்டிக்கொண்டாள். அப்புறம் பழகிவிட்டது. தனியாகப் போய்த் தனியாக வந்தாள். தெருவே ஆச்சரியப்பட்டது.

அத்தான் சட்டையில்லாமல் ஜன்னல் ஓரம் உட்கார்ந்து அவள் போவதைப் பார்ப்பார். முனை திரும்பிய பிறகும் பார்த்துக்கொண்டிருப்பார். நான் போனால், “வா மச்சான்” என்பார், அதற்குமேல் பேச்சு வராது. ஒருநாள் அவராகவே சொன்னார்.

“வலிகூடப் பரவால்ல மச்சான். அது பாட்டுக்கு இருந்துட்டுப் போகட்டும். அவ என்ன நல்லா நடக்குறா, பாத்தியா? நான் இல்லாமலே நல்லா நடக்குறா. அதைத்தான் என்னால தாங்க முடியல.”

அப்படிச் சொல்லிவிட்டு, அதற்காக வெட்கப்பட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். வழக்கமாக இந்த மாதிரி நேரத்தில் எனக்குக் கோபம்தான் வரும். அன்றைக்குக் கோபம்கூட வரவில்லை.

மருந்து வாங்கப் போனபோது அந்தச் சின்ன மருத்துவர் மூன்று பேருமே ஊசி போட்டுக்கொள்ளுங்கள் என்றார். அக்கி ஒருமுறை வந்தவருக்கே மறுபடி வரலாமாம். அத்தான் ஆவலாகக் கேட்டார். “போட்டா இந்த வலி போயிருமாம்மா?”

“இல்லீங்க ஐயா. இருக்கற வலியை இது போக்காது. இனி வராம இருக்கத்தான். வராமலே இருந்தா இந்த நரம்பு வலியும் இல்ல பாருங்க.”

வெளியே வந்ததும் என் வாய் சும்மா இருக்குமா? “இதைத்தான் கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம்னு சொல்றது!” என்று பொரிந்தேன். சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டேன்.

அக்கா சிரித்தாள். “யாரைச் சொல்ற? என் கண்ணையா, அவர் தோளையா?” என்றாள். பிறகு சிரிப்பை நிறுத்திக்கொண்டு, “எனக்குக் கெட்டது கண்ணு மட்டும் போதும்டா. நாம போட்டுக்கலாம்” என்றாள்.

ஊசி போட்டுக்கொள்ளும் நாள் வந்தது. காலையிலேயே போய்விட்டேன். அத்தான் குளித்துச் சட்டை போட்டு நின்றார். எத்தனையோ நாளைக்குப் பிறகு தேய்த்த சட்டையோடு அவரைப் பார்த்தேன். அவரே தேய்த்திருந்தார், சட்டைக் கையில் மடிப்பு நேராக நின்றது. வேனைக் கொண்டுவந்திருக்கிறேன் என்றேன். வேண்டாம் என்றார்.

“நடந்தே போலாம். நான் கூட்டிட்டுப் போறேன். இன்னைக்கு ஒருநாள் மட்டும் பிடிச்சுக்கோம்மா. வலிச்சா நானே சொல்லிடறேன். சத்தியமா.”

அக்கா வேண்டாம் என்று சொல்லுவாள் என்று நினைத்தேன். அவள் அவர் குரல் வந்த பக்கம் முகத்தைத் திருப்பினாள். பிறகு, “சரிங்க. குச்சியும் இந்தக் கையில இருக்கட்டும். பழகிப்போச்சு” என்றாள்.

கிளம்பினோம். அவர் முன்னால், அவள் அரையடி பின்னால், நான் அதற்கும் பின்னால். பத்து வீடு தாண்டியிருப்போம். அத்தான் தோளை விறைப்பாக வைத்துக்கொண்டு வந்தவர், கொஞ்சம் கொஞ்சமாகத் தளர்த்தினார். ஒருமுறை நின்று மூச்சு விட்டார். மறுபடி நடந்தார்.

“இந்தாம்மா” என்றார். “வலிக்கலடி.”

“அப்படியா?”

“நிஜமாத்தான். நீ கை வச்சிருக்கறதே தெரியல. எரியுது, எப்பவும் போல சட்டைதான் எரியுது. உன் கை பட்டு வலிக்கல. நல்லாகிட்டு வருதுடி!”

“மெதுவாத்தான் வச்சிருக்கேன்” என்றாள் அக்கா.

நான் பார்த்தேன். அவள் கை அவர் தோளில் இல்லை. தோளுக்கு மேலே, இரண்டு விரல் இடைவெளி விட்டு, காற்றில் நின்றது. அவர் செருப்புச் சத்தத்தைக் கேட்டுக் கேட்டு, இடது கையில் குச்சியை மெல்ல ஓட்டிக்கொண்டு, வலது கையை அப்படியே தூக்கிப் பிடித்தபடி வந்துகொண்டிருந்தாள். அவர் வேகமாக நடந்தால் அந்தக் கையும் வேகமாகப் போனது. அவர் நின்றால் நின்றது. ஒருமுறைகூடப் படவில்லை.

“மாடி வீட்டு அம்மா கண்ணாடியை மாத்திட்டாங்க” என்று ஆரம்பித்தார் அத்தான். “இது அதைவிடப் பெருசு. இனிமே அவங்களைத் தேடித்தான் கண்டுபிடிக்கணும்.” அக்கா, “உஷ், சும்மா வாங்க” என்றாள். அவர் நிறுத்தவில்லை. புதிதாகத் திறந்த கடை, மூடிய கடை, பல் மருத்துவரின் ஈ எல்லாவற்றையும் சொல்லிக்கொண்டே வந்தார். எத்தனை மாதப் பேச்சு!

அதே நர்ஸம்மாதான் இருந்தார். அத்தான் நாற்காலியில் உட்காரும் முன்பே, “வலது கையில போடும்மா. அதுக்கு இப்ப வேலை கிடையாது. இடது தோள் இவளுக்கு வேணும். நாளையிலேருந்து நான்தான் ஆபீசுக்குக் கூட்டிட்டுப் போகப்போறேன்” என்றார். முகம் அப்படி மலர்ந்திருந்தது. நர்ஸம்மா அக்காவைப் பார்த்தார். அக்கா இடது பக்கத்து ரவிக்கைக் கையைச் சுருட்டிக்கொண்டிருந்தாள். எனக்கும் போட்டார்கள். அடுத்த தவணைக்கு என்றைக்கு வர வேண்டும் என்று சொல்லி அனுப்பினார்கள்.

வீட்டுக்கு வந்ததும் அத்தான் சட்டையைக் கழற்றிப் போட்டுவிட்டு அலுப்பில் படுத்தார். அடுப்படியில் அக்கா வலது கையை இடது கையால் பிடித்துவிட்டுக்கொண்டு நின்றாள். அந்தக் கையில் ஊசி போடவில்லை. போக வர, வழி முழுக்க அதைத் தூக்கிப் பிடித்திருந்தாள்.

என்னால் அடக்க முடியவில்லை. “ஏன்க்கா, உனக்கென்ன கிறுக்கா? தினமும் காலைலயும் சாயங்காலமும் இப்படியே தூக்கிப் பிடிச்சுக்கிட்டுப் போகப்போறியா? அவர் நல்லாகிடுச்சுன்னு நம்பிட்டு இருக்கார். எத்தனை நாளைக்கு?”

“மெதுவா பேசு. காதுல விழும்.”

“விழட்டுமே!”

அக்கா என் பக்கம் திரும்பினாள். அவள் கண்ணில் பார்வை இல்லையே தவிர, தண்ணீர் வருவதில் ஒரு குறையும் இல்லை.

“வழியெல்லாம் பேசிக்கிட்டே வந்தார்டா. நீ கேட்டேல்ல?”